ஜோடியில்லாத நீலத் துண்டுகள்

தெருவில் அவளுக்குக் குப்பைராணி என்று பெயர். வைத்தவன் அவளுடைய அண்ணன். ஆயத்த ஆடைத் தொழிற்சாலையில் அவன் கட்டிங் மாஸ்டர்; அவளும் அங்கே எட்டு வருடம் தைத்த சட்டைகளின் நூல் பிசிறு வெட்டியவள். சட்டை வெட்டி மிஞ்சிய துணி மூட்டை மூட்டையாக எரியப்போவதைப் பார்த்துப் பார்த்து மனம் பொறுக்காமல், ஒருநாள் வேலையை விட்டுவிட்டு அந்தத் துண்டுகளைத் தைத்துச் சுவர்ப்படங்கள் செய்யத் தொடங்கினாள்.

"சம்பளத்துக்குக் குப்பை கூட்டுறவங்க உண்டு. சம்பளத்தை விட்டுட்டுக் கூட்டுறவ நீ ஒருத்திதான்" என்று அண்ணன் சிரித்தான். ஆனாலும் வாரம் தவறாமல் ஒரு மூட்டையைத் தோளில் தூக்கி வந்து போட்டான்.

இந்தச் சனிக்கிழமை அவளுடைய முதல் கண்காட்சி. நடுச்சுவருக்கென்று எட்டடி அகலத்தில் ஒரு வெள்ளத்தைத் தைத்துக்கொண்டிருந்தாள். கீழே வைக்க வேண்டிய அட்டையை முன்பே எழுதிவிட்டாள்: 'இதில் புதுத் துணி ஒரு விரலகலம்கூட இல்லை.' நீலம் போதவில்லை என்று இரண்டு வாரம் புலம்பினாள். போன வாரம் அண்ணன் மூட்டை நிறைய நீலம் கொண்டுவந்தான். அவளுக்குத் தலைகால் புரியவில்லை. மளமளவென்று தைத்துத் தள்ளினாள்.

ஒவ்வொரு துண்டின் பின்புறத்திலும் அது எதன் மிச்சம் என்று எழுதுவது அவள் வழக்கம். கழுத்து, கைக்குழி, காலர். வியாழன் மதியம் படத்தைக் குப்புறப் போட்டு எழுத உட்கார்ந்தாள். நீலத்துக்கு வந்ததும் பேனா நின்றுவிட்டது. கழுத்தின் அரைவட்டம் ஒன்றுகூட இல்லை. மூட்டையில் மீந்ததைத் தரையில் கொட்டி ஒன்றின்மேல் ஒன்று வைத்துப் பார்த்தாள். எதுவும் எதனோடும் பொருந்தவில்லை. நூறு அடுக்கு துணியை ஒரே கத்தியில் வெட்டுகிற இடத்தில் குப்பைகூட நூறு நூறாகத்தான் விழும்.

வேலை முடிந்து வந்த அண்ணன் செருப்பைக் கழற்றும்போதே கேட்டாள்.

"அண்ணே, இது எந்தச் சட்டையோட மிச்சம்?"

"நீலச் சட்டையோடது."

"அந்தச் சட்டைக்குக் கழுத்தே கிடையாதா?"

அவன் தண்ணீர் எடுத்துக் குடித்தான்.

"புதுத் துணி ரோல்லேருந்து வெட்டினியா?"

"அரை ரோல். கறை பட்டதுன்னு கணக்குல எழுதித் தள்ளிட்டேன். கோணல்மாணலா வெட்டினா உனக்குத் தெரியாதுன்னு நெனச்சேன்."

"குப்பை கோணலாத்தான் இருக்கும். ஆனா ஒத்தையா இருக்காதுண்ணே. பதினஞ்சு வருஷமா வெட்டுறே, இது தெரியாதா?"

"நான் எங்கே குப்பையைப் பார்த்தேன்? சட்டையைத்தான் பார்ப்பேன்."

அவளுக்குக் கோபம் வந்தது. அதில் பாதி தன்மேலேயே. நீலம் நீலம் என்று நச்சரித்தது அவள் வாய்தான். அட்டையை மாற்றி உண்மையை எழுதினால் அண்ணன் வேலை போகும். மாற்றாவிட்டால் அட்டை பொய். கத்தரியை எடுத்து நீலத்தின் தையலைப் பிரிக்கத் தொடங்கினாள்.

"ஏய், நாளை மறுநாள் கண்காட்சி!"

"தெரியும்."

அவனும் இன்னொரு கத்தரியோடு எதிரே வந்து உட்கார்ந்தான். பிரித்து முடித்தபோது வெள்ளத்தின் நடுவே ஓர் ஆள் படுக்கும் அளவுக்கு ஓட்டை. அண்ணன் ஒரு துண்டை வெளிச்சத்தில் பிடித்தான். ஊசித் துளைகள் சல்லடையாகத் தெரிந்தன.

"இனி இதை எவனும் சட்டைக்கு எடுக்க மாட்டான். இப்ப இது அசல் குப்பைதானே, குப்பைராணி? திரும்பத் தைச்சிரு."

அவள் சிரிக்கவில்லை. நல்ல துணி தன் கையால் அசல் குப்பையாகிவிட்டதுதான் அவளை உறுத்தியது. எல்லாவற்றையும் மூட்டையில் திணித்துக் கட்டிலுக்கடியில் தள்ளினாள்.

சனிக்கிழமை படம் ஓட்டையோடு தொங்கியது. வந்தவர்கள் அதைத் தீவு என்றார்கள், இழப்பு என்றார்கள். ஒரு பெரியவர் மட்டும் அவளிடமே வந்து, "ஏம்மா, நடுவுல ஏன் காலியா இருக்கு?" என்று கேட்டார்.

"நீலம் பத்தலைங்க" என்றாள்.

பக்கத்தில் நின்ற அண்ணன், படத்துக்குக் கீழே ஒரு சொல்லும் மாற்றாமல் வைத்திருந்த அட்டையையே பார்த்துக்கொண்டிருந்தான்.