அரசாங்கத்தின் கையில் என் மகள்

போன் வந்தபோது நான் சாமைக் கொல்லையில் களை பிடுங்கிக்கொண்டிருந்தேன். ஜமுனாமரத்தூரிலிருந்து காட்டுப் பக்கமாக உள்ளே தள்ளி இருக்கும் எங்கள் ஊரில், அந்தக் கொல்லை மேட்டில் மட்டும்தான் சிக்னல் நிற்கும். பேசியவள் பக்கத்து ஊர்க்காரி. அவள் மகளும் என் மகளும் கண்ணமங்கலத்துக்கு அருகே ஓர் ஆசிரமத்துப் பள்ளியில் தங்கிப் படித்தார்கள்.

"அக்கா, ஆபீசருங்க வந்து ஆசிரமத்தப் பூட்டிட்டாங்களாம். பசங்க அல்லாரையும் வேன்ல ஏத்திக்கினு போய்ட்டாங்களாம்."

"எங்க ஏத்திக்கினு போனாங்க?"

"தெரியலக்கா. திருவண்ணாமலைன்னு சொல்றாங்க. எனக்குக் கையும் ஓடல, காலும் ஓடல."

அவள் அழ ஆரம்பித்தாள். எனக்கு அழுகை வரவில்லை. பிடுங்கிய களையைக் கையிலேயே பிடித்தபடி வீட்டுக்கு ஓடினேன்.

மகளுக்கு அப்போது ஒன்பது வயது. எங்கள் ஊர்ப் பள்ளிக்கூடத்தில் எல்லா வகுப்புக்கும் சேர்த்து ஒரே வாத்தியார். மழையில் பாதை அறுந்துபோனால் அவரும் வர மாட்டார். மூன்றாம் வகுப்புக்குப் போகிற வயதிலும் அவளுக்கு எழுத்துக் கூட்டிப் படிக்க வரவில்லை. அந்தச் சமயத்தில்தான் காவி வேட்டி கட்டிய ஒருவர் ஜீப்பில் வந்தார். சாப்பாடு, துணிமணி, படிப்பு எல்லாம் இலவசம், தேவாரம் சொல்லிக்கொடுப்போம், ஒழுக்கமாக வளர்ப்போம் என்றார். என் கணவருக்குப் பிடிக்கவில்லை. "நம்ம புள்ளைய அவங்க எதுக்கு வளக்கணும்?" என்று கேட்டார். எனக்கு அவள் படித்தால் போதும் என்று இருந்தது. நான் பன்னிரண்டாவது வரை படித்தவள். அதற்கு நான் பட்ட பாட்டை அவள் படக்கூடாது என்று நினைத்தேன்.

ஒரு வருடத்தில் அவள் பஸ்ஸின் நெற்றியில் எழுதியிருந்த ஊர்ப் பெயரைத் தடுமாறாமல் படித்தாள். ஆனால் விடுமுறைக்கு வந்தபோது எங்கள் தட்டில் சாப்பிட மறுத்தாள். கோழி அடித்த அன்று வீட்டுக்குள் வராமல் பலா மரத்தடியிலேயே உட்கார்ந்திருந்தாள். எங்கள் குலசாமி கோயிலுக்குக் கூப்பிட்டபோது முகம் வெளுத்துவிட்டது. "நம்ம சாமிய பேயின்னு சொல்லிக் குடுத்துக்கிறாங்க," என்று கணவர் கத்தினார். படிப்பு வருகிறதே என்று சொல்லி நான்தான் அவரை அடக்கினேன்.

அந்த மத்தியானம் ஜீப் பிடித்து, ஜமுனாமரத்தூரில் பஸ் ஏறினோம். பக்கத்து சீட்டில் இருந்த பெரியவர் விசாரித்தார். விஷயத்தைச் சொன்னேன். சொல்லியிருக்கவே கூடாது.

"கவர்மெண்ட் எடுத்துக்கிச்சுன்னா லேசுல தராதும்மா. தத்து குடுத்துடுவாங்கன்னு சொல்றாங்க. ஜாக்கிரதையா பேசுங்க."

அதற்குப் பிறகு போளூர் வரை கணவர் எங்கள் ஆதார் கார்டுகளைச் சட்டைப் பையிலிருந்து எடுத்துப் பார்ப்பதும் திரும்ப வைப்பதுமாக இருந்தார். மலையில் யாரிடமும் தலை குனியாத மனிதர்.

திருவண்ணாமலையில் குழந்தைகளை வைத்திருந்த இல்லத்தின் கேட் முன்னால் ஏற்கெனவே ஒரு கூட்டம் நின்றது. எல்லாம் எங்களைப் போல மலையிலிருந்தும் அடிவாரத்திலிருந்தும் வந்தவர்கள். ஆசிரமத்தின் மேனேஜர் ஒவ்வொருவரிடமும் போய் ரகசியமாகப் பேசிக்கொண்டிருந்தார். எங்களிடமும் வந்தார்.

"நாங்களா விரும்பித்தான் சேர்த்தோம்னு கண்டிஷனா சொல்லுங்க. புள்ள எந்தச் சாமியக் கும்பிடணும், எங்க படிக்கணும்னு முடிவு பண்றது பெத்தவங்க உரிமை. அரசாங்கம் யாரு அதுல தலையிட?"

அவர் நகர்ந்ததும் உள்ளேயிருந்து ஒரு பெண் அதிகாரி வந்தார். வயது குறைவு. பேச்சில் கடுமை இல்லை.

"அங்க விடுதி நடத்த அனுமதியே இல்லம்மா. ஒழுங்கான வகுப்பும் இல்ல, காலையிலயும் சாயங்காலமும் பாட்டுதான். படிக்கிறது குழந்தையோட உரிமை. அதுக்காகத்தான் கூட்டிட்டு வந்தோம்."

"தத்து குடுத்துடுவீங்களா?" என்று கேட்டேன்.

"யாரு சொன்னது? அப்படியெல்லாம் ஒண்ணும் இல்ல. குழந்தைகள் நலக் கமிட்டி விசாரிச்சிட்டு வீட்டுக்கு அனுப்புவாங்க."

கணவர் கேட் கம்பியைப் பிடித்துக்கொண்டார். "அல்லாரும் எங்க உரிமை, புள்ள உரிமைன்னு பேசறீங்க. பெத்தவன உள்ள வுட மாட்டேங்கறீங்களே, இன்னா நாயம் இது?"

அதிகாரி உள்ளே போய்விட்டு வந்தார். குழந்தைகள் சாப்பிடப் போகும்போது தூரத்திலிருந்து பார்த்துக்கொள்ளலாம் என்றார். வரிசையில் என் மகள் வந்தாள். யாருடையதோ, தொளதொள என்று ஒரு சட்டை போட்டிருந்தாள். நான் கையை ஆட்டினேன். அவள் பார்த்தாள். ஆனால் கையை ஆட்டவில்லை, ஓடி வரவும் இல்லை. வேறு யாரோ ஒருத்தியைப் பார்ப்பது போலப் பார்த்துவிட்டு, குனிந்து நடந்தாள். அப்போது வந்த பயம் வேனில் ஏற்றினார்கள் என்று கேட்டபோதுகூட வரவில்லை.

மூன்றாம் நாள் கமிட்டி முன் எங்களைக் கூப்பிட்டார்கள். மேசைக்குப் பின்னால் நாலைந்து பேர். நடுவில் நரைத்த தலையோடு ஓர் அம்மா. மகளைக் கொண்டுவந்து தனி நாற்காலியில் உட்கார வைத்தார்கள். எங்களுக்கும் அவளுக்கும் நடுவில் கை நீட்டினால் எட்டும் தூரம்தான். ஆனால் நீட்டலாமா என்று தெரியவில்லை.

"பாப்பா, உனக்கு எங்க போகணும்?" என்று அந்த அம்மா கேட்டார்.

"ஆசிரமத்துக்கு."

கணவர் தலையைக் கவிழ்த்துக்கொண்டார்.

"வீட்டுக்குப் போக வேணாமா? அம்மா வந்திருக்காங்களே."

"வேணாம்."

"அம்மா அடிப்பாங்களா?"

"இல்ல."

"அப்புறம் ஏன்?"

அவள் என்னைத் திரும்பிப் பார்த்தாள். "எங்க வூட்ல உயிரு வெட்டுவாங்க, கறி தின்பாங்க. அது பாவம். சாமி எங்கம்மாவ எடுத்துக்கும். நான் அங்க தெனமும் பாடினா எடுத்துக்காதுன்னு ஆசிரமத்து மாதாஜி சொன்னாங்க. இப்ப பாட்டு நின்னுபோச்சு. எங்கம்மா செத்துடுவாங்க."

ஒரு வருடமாக அந்தக் குழந்தை விடியற்காலையில் குளிர்ந்த தண்ணீரில் குளித்து, என் உயிரைப் பிடித்து வைப்பதற்காகப் பாடியிருக்கிறாள். கேட்டுக்கு அந்தப் பக்கமிருந்து அவள் என்னை அப்படிப் பார்த்தது ஏன் என்று அப்போது புரிந்தது. அவளைப் பொறுத்தவரை நான் சாகப்போகிறவள். நான் எழுந்துபோய் அவளைக் கட்டிக்கொண்டேன். யாரும் தடுக்கவில்லை.

இருந்தும் அன்றைக்கு அவளை அனுப்பவில்லை. குழந்தை மிகவும் பயந்திருக்கிறது, ஆலோசகர் பேச வேண்டும், அதுவரை இங்கேயே இருக்கட்டும் என்றார்கள். பிறகு இன்னொன்றும் சொன்னார்கள். வெளியே விட்டாலும் மலையில் இருக்கும் அரசு உண்டு உறைவிடப் பள்ளியில் சேர்த்துவிட வேண்டுமாம்.

"மறுபடியும் விடுதியா?" கணவர் எழுந்து நின்றார். "சாமி பேர சொல்லி ஒருத்தர் வச்சிக்கினாங்க. சட்டம் பேர சொல்லி நீங்க வச்சிக்கினு கீறீங்க. எம்புள்ள எப்பங்க என் வூட்ல இருக்கும்?"

ஒரு அதிகாரி அவரை உட்காரச் சொன்னார். இவர் கோபத்தில் ஒரு வார்த்தை அதிகம் பேசினால் பிள்ளை கைக்கு வராமலே போய்விடும் என்று தோன்றியது. அவர் கையைப் பிடித்து உட்கார வைத்துவிட்டு நான் பேசினேன்.

"ஊர்ப் பள்ளிக்கூடத்துக்கு அனுப்பறேங்க. சாயங்காலம் நானே சொல்லிக் குடுக்கறேன். நான் பன்னண்டாவது படிச்சிருக்கேன். ஒரு நாளும் தவறாது. நீங்க எப்ப வேணா வந்து பாருங்க. வூட்லயே இருக்கட்டும், அது பயம் தெளியற வரைக்கும்."

அந்த அம்மா என்னையே பார்த்தார். யோசித்துச் சொல்கிறோம் என்றார். வெறுங்கையோடு மலை ஏறினோம்.

அடுத்த பத்துப் பதினைந்து நாட்கள் எப்படிப் போயின என்று என்னால் கோவையாகச் சொல்ல முடியவில்லை. போன் வருமா என்று கொல்லை மேட்டிலேயே கிடந்தேன். களை சாமையை மூடி வளர்ந்தது. பஸ்ஸில் அந்தப் பெரியவர் சொன்னதே காதில் ஓடியது. கடைசியில் கூப்பிட்டார்கள். வீட்டுக்கே அனுப்புகிறோம், மாதா மாதம் வந்து பார்ப்போம், பள்ளிக்கூடம் போகவில்லை என்று தெரிந்தால் மறுபடி விசாரணை என்று சொல்லி ஒப்படைத்தார்கள். பஸ்ஸில் அவள் என் மடியில் உட்காரவில்லை. பக்கத்தில் உட்கார்ந்து, என் புடவை முந்தானையை மட்டும் விரலில் சுற்றிக்கொண்டாள்.

வீட்டில் நான் கறி சமைப்பதை நிறுத்தினேன். கணவர் முணுமுணுத்தார், பிறகு வேண்டும்போது அண்ணன் வீட்டில் சாப்பிட்டுக்கொண்டார். அவள் காலையில் பாடினாள். நான் தடுக்கவில்லை. பாடி முடித்ததும் அரிசி களையும் என்னை எட்டிப் பார்ப்பாள். மாதம் ஒருமுறை அதிகாரிகளின் ஜீப் வரும். அதன் சத்தம் வளைவில் கேட்டாலே அவள் புளிய மரத்துக்குப் பின்னால் ஓடிவிடுவாள். அவர்கள் அவளைப் படிக்கச் சொல்லிக் கேட்டு, நல்லாப் படிக்குதே என்று சொல்லிப் போவார்கள். ஜீப் இறங்கிப் போனபிறகும் எங்கள் இருவருக்கும் நெஞ்சு அடங்க நேரம் ஆகும்.

தை மாதம் குலசாமிக்குப் பொங்கல் வைத்தார்கள். போகாமல் இருக்க முடியாது. ஊரே கூடுகிற நாள். சேவலைத் தூக்கியபோது மகள் என் இடுப்பில் முகத்தைப் புதைத்துக்கொண்டாள். நான் அவள் காதைப் பொத்தினேன். அன்றைக்கு முழுவதும் அவள் என்னை விட்டு நகரவில்லை. தண்ணீர் மொள்ளப் போனாலும் கூடவே வந்தாள்.

மறுநாள் காலை கண் விழித்தபோது என் மூக்கின் கீழே ஒரு சின்ன உள்ளங்கை இருந்தது.

"இன்னாடி?" என்றேன்.

"மூச்சு வருதாம்மா?"

"வருதுடி. நல்லா வருது."

அவள் கையை எடுக்கவில்லை. இன்னும் கொஞ்ச நேரம் அப்படியே வைத்துப் பார்த்தாள். பிறகு எழுந்து, முகம் கழுவி, பையை எடுத்துக்கொண்டு பள்ளிக்கூடம் புறப்பட்டாள். அன்று காலை அவள் பாடவில்லை. மறந்தாளா, வேண்டாம் என்று விட்டாளா என்று கேட்க எனக்குத் தைரியம் வரவில்லை.