செல்வமலர் வாங்கிய ஒன்பது கேம்கள்

1. ஃபோர்மட்

அந்த மெமரி காட்டை அழித்தது நான்தான். முதலாளி சொன்னார், நான் செய்தேன். சொன்ன அவர் மீதும் செய்த என் மீதும் எனக்கு இருக்கும் கோபம் இன்னும் ஆறவில்லை. போன் ரிப்பேர் பழக வருகிற பிள்ளைகள் இதைக் கோபக்காரன் ஒருவன் எழுதியது என்று தெரிந்துகொண்டே வாசிக்கலாம்.

தொண்ணூறுகளில் நான் டிக்கோயாப் பக்கத்துத் தேயிலைத் தோட்ட லயங்களில் ஏறி இறங்கி டிவி பழுது பார்த்தவன். கார் பெட்டரியில் ஓடும் கறுப்பு வெள்ளை டிவிகள். அந்த வேலை குறைந்ததும் ஹட்டன் டவுனில் ஒரு கடையில் டெக்னீஷியனாகச் சேர்ந்தேன். போன், டிவிடி பிளேயர், பிறகு கையில் வைத்து விளையாடும் கேம் மெஷின்கள். இரண்டாயிரத்தின் கடைசி வருடங்களில் அந்த மெஷின்கள் மலைநாட்டுக்கு வரத் தொடங்கின. பெரும்பாலும் வெளிநாட்டு வேலைக்குப் போய்த் திரும்பியவர்களின் பெட்டிகளில்தான் வந்தன.

கடைக்கு அதில் நல்ல வியாபாரம். மெஷினுக்குள் இருக்கும் ஒரிஜினல் சொப்ட்வெயாரை எடுத்துவிட்டு வேறொன்றை ஏற்றினால் காசு கட்டாத கொப்பி கேம் எல்லாம் ஓடும். முதலாளி யாரையும் கேட்பதில்லை. என்ன பழுதென்று மெஷின் வந்தாலும், "அதையும் போட்டு வுட்ருப்பா, சந்தோசப்படுவாங்க" என்பார்.

செல்வமலர் கொண்டுவந்த மெஷினில் பழுது மிகச் சின்னது. சார்ஜ் ஏறவில்லை. சார்ஜர் ஊசி குத்தும் இடத்தில் ஈயம் விட்டிருந்தது. அவள் டயகமக்காரி, இருபத்தைந்து வயது இருக்கும். குவைத்தில் வீட்டு வேலை செய்துவிட்டு வந்தவள். பழுதுக்கு வரும் சாமானின் விவரம் பதியும் ஜொப் காட்டில் பெயர், ஊர், மெஷினின் சீரியல் நம்பர் எல்லாம் நானே எழுதினேன்.

"அண்ணே, சார்ஜ் மட்டும் பாருங்க. உள்ளுக்க ஒண்ணும் தொட்டுறாதீங்க" என்று சொல்லிவிட்டுத்தான் போனாள். காதில் விழுந்தது.

ஈயம் வைத்து முடித்தபோது முதலாளி வந்து தோளுக்கு மேலால் எட்டிப் பார்த்தார். "என்னா பழைய சொப்ட்வெயாரு? மாத்திரு" என்றார். அந்தப் பெண் தொட வேண்டாம் என்றாள் என நான் சொல்லவில்லை. வாக்குவாதம் வேண்டாம் என்று நினைத்தேன். அதை மாற்றும்போது, மெமரி காட்டை ஃபோர்மட் செய்யவா என்று மெஷின் கேட்டது. ஆம் என்று அழுத்தினேன். ஒரு நிமிடம்கூட எடுக்கவில்லை.

2. ஞாயிற்றுக்கிழமை

ஞாயிறு வந்தால் ஹட்டனில் நடக்க இடமிருக்காது. எல்லாத் தோட்டத்துச் சனமும் டவுனில்தான். செல்வமலர் அன்றைக்கு வந்தபோது கவுண்டர் முன்னால் பத்துப் பதினைந்து பேர் நின்றார்கள். மெஷினைப் போட்டுப் பார்த்தாள். முகம் மாறியது.

"என்னோட கேம் எல்லாம் எங்க?"

முதலாளி சிரித்தார். "அத விட நல்லது முப்பது போட்டிருக்கு, பாரு."

"எனக்கு முப்பது வேணாம். நான் வாங்கின ஒம்பதும் வேணும்."

"வாங்கினியா? எந்தக் கடையில?"

"மெஷினுக்குள்ளயே கடை இருக்கு. அதுல வாங்கினேன். காட் வாங்கிச் சொரண்டி, நம்பர் அடிச்சு."

"அப்ப பில்லக் காட்டு."

பில் கிடையாது. அந்தக் கடையில் கையில் எதுவும் தரமாட்டார்கள். வாங்கியது மெமரி காட்டில் வந்து இறங்கும், அவ்வளவுதான். அவள் அதைச் சொல்லப் பார்த்தாள். முதலாளி கூட்டத்தைப் பார்த்துக் குரலை உயர்த்தினார்.

"வீட்டு வேலைக்குப் போன புள்ளைக்கு இவ்ளோ வெலையில மெஷின் எப்புடிம்மா வந்துச்சு? மேடம் தூங்கையில எடுத்துட்டு வந்தியா? பில் இல்லாட்டி இது களவுச் சாமான். கடையிலயே இருக்கட்டும். வேணும்னா பொலிசோட வந்து வாங்கிக்க."

கூட்டத்தில் யாரோ சிரித்தார்கள். ஒரு பெண் தன் பிள்ளையை இழுத்துக்கொண்டு தள்ளி நின்றாள். செல்வமலர் அழவில்லை. "நான் எடுக்கல, நான் வாங்கினேன்" என்று இரண்டு தடவை சொன்னாள். பிறகு என்னைப் பார்த்தாள். நான் டெஸ்டரைக் கையில் வைத்துக்கொண்டு, முன்னால் கிடந்த போனுக்குள் எதையோ தேடுகிற மாதிரிக் குனிந்துகொண்டேன்.

அடுத்த நாள் அந்த மெஷின் கண்ணாடி ஷோகேசில் இருந்தது. வருகிறவர்களுக்குக் கொப்பி கேம் காட்டும் டெமோ பீஸ். களவுச் சாமான் என்று பறித்தவர் அதை வைத்தே வியாபாரம் செய்தார். தினமும் நான் அதைத் தாண்டித்தான் என் பெஞ்சுக்குப் போனேன்.

3. கம்பனிக்காரன் கேட்ட கேள்விகள்

நாலாம் நாள் லீவு போட்டு டயகம பஸ் ஏறினேன். பெயர் சொல்லி விசாரித்ததும் லயத்தைக் காட்டினார்கள். அவள் வாசலில் நின்றபடியே பேசினாள், உள்ளே வா என்று கூப்பிடவில்லை.

"இன்னும் என்னா வேணும் உங்க கடைக்கு?"

"கடைக்கு இல்ல தங்கச்சி, நானா வந்தேன். நீங்க வாங்கின கேம் காட்டுல இல்லாட்டியும் கம்பனியில பதிஞ்சு இருக்கும். உங்க எக்கவுண்ட்டத் தொறந்தா எது வாங்கினீங்க, எப்ப வாங்கினீங்க, எல்லாம் வரும். அதான் பில்லு."

அழித்தது நான் என்று அப்போது சொல்லியிருக்க வேண்டும். முதலாளி அழித்ததாக அவள் நினைத்திருந்தாள். நானும் அதை அப்படியே விட்டுவிட்டேன்.

அவள் கதை கொஞ்சம் கொஞ்சமாக வந்தது. வேலை செய்த வீட்டில் லீவு நாள் கிடையாது. போனை வாங்கி வைத்துவிட்டார்கள். அந்த வீட்டு மகள், அவள் சின்ன மேடம் என்று சொல்கிறவள், நல்ல பிள்ளை. செல்வமலர் தன் சம்பளத்தைக் கொடுத்து அவளிடம்தான் மெஷினை வாங்கிவரச் சொன்னாள். விளையாட்டுச் சாமான் என்று மேடமும் விட்டுவிட்டார். எக்கவுண்ட் திறந்து கொடுத்ததும் அந்த மகள்தான்.

"வண்ணக் கட்டை அடுக்குற கேம் ஒண்ணு. இருநூறு கட்டம். நூத்தித் தொண்ணூத்தி மூணுல நின்னேன்" என்றாள். "அங்க பேசுறதுக்கு ஆளு இல்ல. அந்தக் கேம் இல்லாட்டி எனக்குப் பைத்தியம் புடிச்சிருக்கும் அண்ணே."

ஈமெயில் விலாசம் அவளுக்கு நினைவிருந்தது. ஆனால் பாவிக்காமல் கிடந்ததில் அந்த ஈமெயில் செத்துப்போயிருந்தது. பாஸ்வேர்டை மாற்றலாம் என்றால் அதற்கான லிங்க் செத்த ஈமெயிலுக்குத்தான் போகும். கம்பனிக்கே எழுத வேண்டியதாயிற்று.

கடை இன்டர்நெட்டில் எழுத முடியாது. மதியச் சாப்பாட்டு நேரத்தில் பஸ் ஸ்டாண்ட் பக்கம் காசு கட்டி இன்டர்நெட் பார்க்கும் கொமியூனிகேஷனில் உட்கார்ந்து, எனக்குத் தெரிந்த இங்கிலீசில் எழுதினேன். முதல் பதிலில் நன்றி மட்டும் இருந்தது. இரண்டாவது பதில், நாட்டைத் தெரிவு செய்யுங்கள் என்றது. அந்தப் பட்டியலில் இலங்கை இல்லை. குவைத் என்று போட்டால், ஏன் வேறு நாட்டிலிருந்து எழுதுகிறீர்கள் என்று மூன்றாவது பதில் கேட்டது. ஒவ்வொரு பதிலுக்கும் கீழே புதுப் பெயர். ஒருவன் படித்ததை அடுத்தவன் படிக்கவில்லை. காசு வாங்கும்போது டயகமக்காரியா, குவைத்காரியா என்று அந்த மெஷின் கேட்கவில்லை. அவள் வாங்கியதைத் திருப்பிக் கொடுக்கும்போதுதான் இத்தனை கேள்வி.

கடைசியாக ஒருவன் ஒழுங்காகக் கேட்டான். பிறந்த தேதி, மெஷினின் சீரியல் நம்பர், கடைசியாக வாங்கிய கேமின் பெயர். சீரியல் நம்பர் பெட்டரிக்கு அடியில் இருக்கும். மெஷின் ஷோகேசில், சாவி முதலாளியிடம். ஆனால் ஜொப் காட்டில் நான் எழுதியது இருந்தது. பிரதி எடுத்தேன். மற்ற இரண்டையும் செல்வமலர் சொன்னாள். அனுப்பினேன்.

பிறந்த தேதி பொருந்தவில்லை என்று பதில் வந்தது. இன்னொரு தடவை பிழையாக அனுப்பினால் எக்கவுண்டை நிரந்தரமாகப் பூட்டிவிடுவோம் என்றும் இருந்தது.

எனக்கு முதலில் அவள் மேல்தான் சந்தேகம் வந்தது. அதையும் மறைக்காமல் எழுதுகிறேன். அடுத்த முறை அவள் டவுனுக்கு வந்தபோது கொஞ்சம் கடுமையாகவே கேட்டேன். "தங்கச்சி, உண்மையச் சொல்லுங்க. இது உங்க எக்கவுண்டுதானா?"

அவள் சுற்றிலும் ஒரு தடவை பார்த்தாள். பிறகு, "பாஸ்போட்ல வேற தேதி" என்றாள்.

"ஏன்?"

"போறப்ப எனக்கு வயசு பத்தல. ஏஜென்ட்டு வயசக் கூட்டிப் போட்டாரு. சின்ன மேடம் பாஸ்போட்டப் பாத்துத்தான் அடிச்சாங்க. வெளிய சொன்னா புடிச்சுக்குவாங்கன்னு ஏஜென்ட்டு பயம் காட்டியிருந்தாரு. அதான் சொல்லல."

வயசு பத்தாத பிள்ளையை வயசு கூட்டி ஏற்றி அனுப்பியவனை யாரும் திருடன் என்று சொல்லவில்லை. அவன் பஜாரில் நிமிர்ந்து நடந்துகொண்டிருந்தான். தன் சம்பளத்தில் ஒரு மெஷின் வாங்கியவள் பத்துப் பேர் முன்னால் திருடியானாள். அன்றே கீபோட்டில் அந்தப் பொய்த் தேதியை அடித்து அனுப்பினேன்.

ஐந்தாம் நாள் எக்கவுண்ட் திறந்தது.

4. லிஸ்ட்

கொமியூனிகேஷனில் நானும் அவளும் பக்கத்துப் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தோம். மேலே அவள் முழுப் பெயர். விளையாடுவதற்கு அவள் வைத்துக்கொண்ட பெயர் அதற்குக் கீழே, இங்கிலீஷ் எழுத்தில்: டயகமமலர்.

"சின்ன மேடம் ஒரு பேரு சொல்லச் சொன்னாங்க. எனக்கு வேற ஒண்ணும் வரல" என்று வெட்கப்பட்டாள்.

ஒன்பது கேமும் வரிசையாக இருந்தன. எந்த மாதம், எந்த நாள் வாங்கினாள் என்பதும் இருந்தது. மொத்தம் இரண்டு பக்கம். பிரிண்ட் எடுத்தேன்.

"ஞாயித்துக்கெழம வர்றேன்" என்றாள். "அன்னைக்கு மாதிரியே சனம் இருக்கணும்."

வந்தாள். சனமும் இருந்தது. தாளைக் கவுண்டரில் விரித்து வைத்தாள். முதலாளி பார்க்காமலேயே, "இந்த மாதிரித் தாளு நூறு அடிக்கலாம்" என்றார்.

நான் பெஞ்சை விட்டு எழுந்தேன். முதலாளியின் மேசையிலிருந்த சாவியை எடுத்து ஷோகேசைத் திறந்து மெஷினை வெளியே எடுத்தேன்.

"டேய், என்னா செய்ற?"

"மொதலாளி, கொஞ்சம் சும்மா இருங்க."

பன்னிரண்டு வருடத்தில் அவரிடம் அப்படிப் பேசியது அதுதான் முதல் தடவை. நான் ஏற்றிய சொப்ட்வெயாரை எடுத்துவிட்டு ஒரிஜினலைப் போட்டேன். கடையின் இன்டர்நெட்டிலேயே அவளுடைய எக்கவுண்டைத் திறந்தேன். ஸ்கிரீனில் டயகமமலர் என்று வந்தது. கவுண்டரில் நின்ற ஒரு பள்ளிக்கூட மாஸ்டர், யாழ்ப்பாணத்துக்காரர், குனிந்து அதைச் சத்தமாக வாசித்தார். "குவைத்தில இருக்கிற ஆக்கள் டயகம எண்டு பேர் வைப்பினமோ?" என்று முதலாளியிடம் கேட்டார். யாரும் சிரிக்கவில்லை.

கட்டை அடுக்கும் கேம் இறங்க அரை மணித்தியாலம் ஆனது. பாதிப் பேர் போகாமல் நின்றார்கள். அந்த மெஷினுக்குள் அது திரும்பி வந்ததும், செல்வமலர் முதலாளியைப் பார்த்தாள்.

"களவாணின்னு இத்தன பேருக்கு முன்னுக்குச் சொன்னீங்க. இல்லன்னும் அதே மாதிரிச் சொல்லுங்க."

அவர் பின்னால் இருந்த பெட்டிகளை அடுக்கத் தொடங்கினார். "சரி, சரி. தெரியாம சொன்னது. எடுத்துட்டுப் போ."

"செவத்தப் பாத்து ஏன் சொல்றீங்க? இங்க பாத்துச் சொல்லுங்க."

அவர் திரும்பவே இல்லை. அவள் இன்னும் கொஞ்ச நேரம் நின்று பார்த்தாள். பிறகு தாளையும் மெஷினையும் பையில் வைத்துக்கொண்டு இறங்கினாள்.

5. பஸ் ஸ்டாண்டில்

நானும் பின்னாலேயே போனேன். அவள் பஸ் ஸ்டாண்டில் உட்கார்ந்து கேமைத் திறந்திருந்தாள். ஸ்கிரீனில் ஒன்று என்று இருந்தது. முதல் கட்டம்.

"அண்ணே, நூத்தித் தொண்ணூத்தி மூணு வரல்லயே?"

வாங்கிய கேம் கம்பனியிடம் இருக்கும். விளையாடிச் சேர்த்தது அந்தக் காட்டில் மட்டும்தான் இருக்கும். அந்தக் காலத்து மெஷின் அப்படி. காட்டை ஃபோர்மட் செய்தால் அது போனதுதான், எந்தக் கம்பனிக்கு எழுதினாலும் வராது. இது எனக்கு முதல் நாளே தெரியும்.

"அது இனி வராது" என்றேன். "அழிச்சது மொதலாளி இல்ல. அவரு சொன்னாரு, அழுத்துனது நான். நீங்க தொட வேணாம்னு சொன்னதும் எனக்குக் கேட்டுச்சு."

அவள் மெஷினை அணைத்தாள்.

"டயகமைக்கு வந்தீங்களே, அன்னைக்கு ஏன் சொல்லல?"

"சொன்னா நீங்க என்னைய நம்ப மாட்டீங்கன்னு..."

"ஆமா, நம்பியிருக்க மாட்டேன்" என்றாள். "நம்பணுமா வேணாமான்னு நான் யோசிச்சு முடிவெடுத்திருப்பேன். அதையும் நீங்களே முடிவெடுத்துட்டீங்க."

அக்கரப்பத்தனை வழியாக டயகம போகும் பஸ் வந்தது. ஏறினாள். திரும்பிப் பார்க்கவில்லை. நான் அந்தக் கடைக்கு மறுபடி வேலைக்குப் போகவில்லை. என் சாமான்களை எடுக்க மட்டும் அடுத்த நாள் போனேன். முதலாளியும் ஏன் என்று கேட்கவில்லை.

பிறகு சொந்தமாக ஒரு சின்னக் கடை போட்டேன். ஜொப் காட்டில் ஒரு வரி சேர்த்தேன்: உள்ளே இருக்கும் எதையும் அழிக்கலாமா? ஆம், இல்லை. அதற்குப் பக்கத்தில் வாடிக்கையாளர் கையெழுத்து வைக்க வேண்டும். எழுதத் தெரியாதவர்களிடம் வாசித்துக் காட்டிவிட்டுத்தான் மெஷினைத் தொடுவேன். இதைத் தொழில் பாடமாக எடுத்துக்கொள்ளுங்கள்.

இன்னொரு பாடம் எந்தக் காட்டிலும் அச்சடிக்க முடியாதது. அந்த முதல் ஞாயிறு அவள் என்னைப் பார்த்தபோது நான் நாலடி தூரத்தில் இருந்தேன். "நான்தான் அழிச்சேன்" என்ற இரண்டு சொல் போதுமாக இருந்தது. பிறகு எழுதிய அத்தனை ஈமெயிலும் அந்த இரண்டு சொல்லுக்கு ஈடாகவில்லை.

பல வருடம் கழித்து அவளை ஹட்டன் டவுனில் ஒரு தடவை கண்டேன். கையில் உடைந்த போன். என் கடைப் பலகையை நின்று வாசித்தாள், உள்ளே இருந்த என்னையும் பார்த்தாள். பிறகு ரோட்டைக் கடந்து எதிர்க் கடைக்குப் போனாள். நான் கூப்பிடவில்லை. அவள் செய்தது சரி.