ஆண்டீஸ் ஆப்பிரிக்காவில் இருந்த வருஷம்

அட்டைப்பெட்டியைப் பிரித்ததும் புது ரெயின்கோட் வாசனை அடித்தது... உள்ளே ஒரு பிளாஸ்டிக் உலக மேப். மலை இருக்கிற இடமெல்லாம் மேடாகப் புடைத்திருந்தது. கண்ணை மூடிக்கொண்டு தடவினால் இமயமலை விரலில் ஏறி இறங்கும்.

ஹேமாவோடது. தெற்கேயிருந்து வந்த ஆவடி குவார்ட்டர்ஸ் பெண், எட்டாம் வகுப்பில் என் பெஞ்ச். ஆவடி டாங்க் ஃபேக்டரியில் அவள் அப்பாவை ட்ரெயினிங்குக்கு ரஷ்யா அனுப்பியிருந்தார்கள். திரும்பி வரும்போது வாங்கி வந்தார்.

என் அப்பா திருமழிசைக்கு ஷிஃப்ட் போனால் க்ரீஸ் கறையோடு சேக்காடு திரும்புவார். அவ்வளவுதான் எங்கள் வீட்டு வெளியூர்.

அதுவரைக்கும் வகுப்பில் மலை காட்டுகிற வேலை என்னுடையது. கிழிந்த துணி மேப்பில், மர ஸ்கேலை வைத்து ராக்கி வட அமெரிக்கா, ஆல்ப்ஸ் ஐரோப்பா, அட்லஸ் ஆப்பிரிக்கா என்று கடகடவென்று காட்டுவேன். டீச்சர் ஸ்கேலை வேறு யாரிடமும் தந்ததில்லை.

ஹேமாவின் பிளாஸ்டிக் மேப் வகுப்புச் சுவரில் ஏறியதும் துணி மேப் பீரோவுக்குப் பின்னால் போனது... ஸ்கேல் ஹேமா கைக்குப் போனது.

எனக்கு வயிறு எரிந்தது. சும்மா இல்லை, சோறு இறங்காத அளவுக்கு.

ஒரே ஒரு சிக்கல். மேப்பில் பெயரெல்லாம் ரஷ்ய எழுத்து. புக்கைத் திறக்க ஹேமாவுக்குச் சோம்பல். இன்ஸ்பெக்ஷனுக்கு முதல் நாள் என்னிடம்தான் வந்தாள்.

"ஏட்டி, ஆண்டீஸ் எங்க இருக்கு?"

"ஆப்பிரிக்காவுல கீதுடி. மேல, இடது பக்கம்."

யோசிக்கவே இல்லை நான். வாயில் தானாக வந்தது.

மறுநாள் இன்ஸ்பெக்டர் வந்தார். நான் வேண்டிக்கொண்ட மாதிரியே ஆண்டீஸைத்தான் கேட்டார். ஹேமா சிரித்த முகமாகப் போய் ஆப்பிரிக்காவில் ஸ்கேலை வைத்தாள். டீச்சர் முகம் சுருங்கிவிட்டது. அடுத்து என்னைக் கூப்பிட்டார்கள். தென் அமெரிக்காவின் மேற்கு ஓரத்தை மேலிருந்து கீழே ஒரே இழுப்பில் காட்டினேன். வகுப்பே கைதட்டியது. ஸ்கேல் திரும்ப என் கைக்கு வந்தது.

மதியம் அவள் வழக்கம்போல டிபன் பாக்ஸை என் பக்கம் தள்ளினாள். "நாந்தான் மாத்தி ஞாபகம் வச்சிட்டேன் போல," என்றாள். நானும் ஆமாம் என்று சொல்லி அவள் லெமன் சாதத்தைச் சாப்பிட்டேன்.

இப்போது போனைத் தட்டினால் எந்த மலையும் வருகிறது, எல்லாம் தமிழிலேயே. நான் இன்னும் சேக்காட்டில்தான் இருக்கிறேன். மாடியில் நின்றால் அடுத்த அபார்ட்மென்ட் சுவர் தெரியும். பார்த்த பெரிய மலை திருப்பதி.

போன வாரம் ஃபேஸ்புக்கில் ஹேமா ஒரு போட்டோ போட்டிருந்தாள். வேலை விஷயமாக சிலி நாட்டில் இருக்கிறாளாம். நரைத்த தலை, சிவப்பு ஸ்வெட்டர், பின்னால் வானம் வரைக்கும் பனி. ஒரு கையை நீட்டி மலையைக் காட்டுகிறாள். என்னை டேக் செய்து கீழே ஒரு வரி:

"ஏட்டி, இது ஆப்பிரிக்காதானே?"

அப்போதே தெரிந்திருக்கிறது அவளுக்கு. தெரிந்துதான் டிபன் பாக்ஸைத் தள்ளியிருக்கிறாள்.

அவள் ஆண்டீஸைப் பார்த்துவிட்டாள் என்று ஒரு எரிச்சல். எனக்கு வராத அந்த மனசு அவளுக்கு எட்டாம் வகுப்பிலேயே இருந்தது என்று அதைவிடப் பெரிய எரிச்சல்... பொறாமை மட்டும் எனக்கு வயசாகாமலே இருக்கிறது.

கமெண்டில் போட்டேன்.

"தென் அமெரிக்காவுல கீதுடி."