டெக்குக்காரர் பேசிய வசனம்

எண்பதுகளில் ஜீப்பில் டிவியும் வீடியோ டெக்கும் ஏற்றிவந்து எங்கள் ஊரான மஞ்சக்குட்டையில் படம் போடுவார் ஒருவர். குரங்குக் குல்லாய், வெற்றிலைக் கறை ஏறிய பல். இங்கிலீஷ் படமென்றால் டிவி பக்கத்தில் நின்று எல்லார் வசனத்தையும் அவரே தமிழில் பேசிவிடுவார்.

ஒருநாள் போட்ட படத்தில், போரின்போது தன் ஊரையே கொளுத்திய ராணுவ அதிகாரியைப் பல வருடம் தேடிப் பிடித்து, நெற்றியில் துப்பாக்கியை வைத்தான் கதாநாயகன். இவர் குரல் கொடுத்தார்: "ஏனுங்க, எங்கூரக் கொளுத்துனது நீங்கதானுங்களா? சுடட்டுங்களா?"

கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. படம் முடிந்ததும் கேட்டேன்: "கொலைகாரனுக்கு எதுக்குங்க இத்தன மரியாதை?"

"நொம்ப வயசானவருங்க. சுடறது வேற, மரியாதை வேறங்க."

அதன்பின் எத்தனையோ பழிவாங்கும் படங்கள் பார்த்துவிட்டேன். வில்லனுக்குத் தலை நரைத்திருந்தால், கதாநாயகன் 'டா' போட்டுப் பேசுவது இன்றும் காதில் உறுத்துகிறது.