அந்தக் கடிதத்தை நான் படித்த விதம்

கல்லூரியில் திரைப்பட வகுப்புக்காகப் பார்க்க வேண்டியிருந்த ஊமைப்படம் அது. ஞாயிற்றுக்கிழமை மதியம், கீழ்க்கட்டளை வீட்டில், இரவல் லேப்டாப்பில் போட்டேன். அம்மா பூண்டு உரித்தபடி பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள்.

எங்கள் வீட்டில் எழுத்து தெரிந்தவன் நான் ஒருவன்தான். மருந்துச் சீட்டு, கரண்ட் பில் எதுவானாலும் நான் படித்துச் சொல்ல வேண்டும். அன்றும் திரையில் ஆங்கில எழுத்து வந்தபோதெல்லாம் படத்தை நிறுத்தித் தமிழில் சொன்னேன்.

படத்தில் ஒரு விதவை. படுக்கையில் கிடக்கும் மாமனாருக்குக் கஞ்சி ஊட்டுகிறாள். ஆற்றங்கரைக்கு வரும் படகோட்டி ஒருவன் அவளைத் தன்னோடு வந்துவிடச் சொல்கிறான்.

அம்மாவின் கை நின்றுவிட்டது. எனக்குக் காரணம் தெரியும். திருமுடிவாக்கத்தில் அவள் வேலை செய்த பட்டறையின் வேன் டிரைவர், மனைவியை இழந்தவர், அவளைக் கல்யாணம் செய்துகொள்ளக் கேட்டிருந்தார். "நீ இன்னா சொல்றியோ அதாண்டா" என்று முந்தின வாரம் என்னிடம் சொல்லியிருந்தாள். நான் பதில் சொல்லவில்லை. அப்பா போன பிறகு எனக்கென்று இருந்தது அவள் மட்டும்தான்.

கடைசியில் படத்துப் பெண் கடிதம் எழுதினாள். நாளை படகில் வருகிறேன் என்று திரையில் வந்தது.

"வரமாட்டேன்னு எழுதறாம்மா" என்றேன்.

திரையில் அந்தப் பெண் ஜன்னலைத் திறந்து சிரித்தாள். படம் முடிந்தது.

"வரலன்னு எழுதிட்டு இன்னாத்துக்குடா சிரிக்கிறா?"

"பழைய படம்மா. அப்டித்தான் எடுப்பாங்க."

அம்மா பூண்டுத் தோலை முறத்தில் தள்ளினாள். மறுநாளிலிருந்து அவர் ஓட்டும் பட்டறை வேனில் ஏறவில்லை; ஷேர் ஆட்டோவில் வேலைக்குப் போனாள்.

இப்போது நான் ஆபீஸுக்குப் பக்கம் என்று மேடவாக்கத்தில் தனியாக அறை எடுத்திருக்கிறேன். அவளை விட்டுவிட்டு வந்தது நான்தான். பேச்சுத் துணைக்கு ஆளில்லாத வாரநாட்களில் அந்த ஜன்னல் சிரிப்பு நினைவுக்கு வரும். போன ஞாயிறு வீட்டுக்குப் போனபோது சொல்லிவிட்டேன்.

"அம்மா, அந்தப் படத்துல அவ வரேன்னுதான் எழுதியிருந்தா."

"தெரியும்டா. அவ மூஞ்சிலயே எய்தியிருந்திச்சே."

"அப்புறம் ஏம்மா அவர வேணான்னு சொன்ன?"

"உன் மூஞ்சியயும் பாத்தேன்ல."

எழுந்து போய் அடுப்பை அணைத்தாள். குழம்பு டப்பாவில் போட்டுத் தரட்டுமா என்று கேட்டாள். ஒருத்திக்கு எவ்வளவு குறைத்து வைத்தாலும் மிஞ்சிப்போகிறதாம்.