புழுவுக்கு நட்ட சிலுவை

திண்டுக்கல்லில் எங்கள் வீட்டு நந்தியாவட்டையில் அந்தப் புழுவை முதலில் கண்டுபிடித்தவள் நான்தான். தொண்ணூறுகளின் பாதி, எனக்கு ஏழு வயது. என் விரலைவிடப் பருமன், பச்சைப் பசேல் நிறம், வாலில் ஒரு மஞ்சள் கொம்பு. குச்சியால் தொட்டதும் தலையை உள்ளே இழுத்துக்கொண்டு இரண்டு நீலக் கண்களைக் காட்டியது. நான் போட்ட கூச்சலில் சித்தி அடுப்பில் பாலை அப்படியே விட்டுவிட்டு ஓடி வந்தாள்.

அம்மாவின் தங்கையான சித்தி எங்கள் வீட்டில் தங்கி, காலேஜில் விலங்கியல் படித்துக்கொண்டிருந்தாள். அவை கண்களே அல்ல, குருவியை மிரட்டும் பொட்டுகள் என்றாள். இதிலிருந்து என்ன வருகிறது என்று பார்த்துத்தான் நோட்டில் பெயர் எழுத வேண்டும் என்றும் சொன்னாளாம். எனக்கிருந்த பரபரப்பில் எதுவும் காதில் ஏறவில்லை. மறுநாள் அவள் பதினைந்து நாள் கேம்ப்புக்குக் கிளம்பினாள்.

“தெனமும் புது இலை போடு. இது போச்சுன்னா என் ரெக்கார்டு நோட்டும் போச்சு, பாத்துக்க.”

அன்று முழுக்க, புழுவைப் போட்டு வைத்த ஊறுகாய் பாட்டிலும் கையுமாகத் தெருவையே கலக்கினேன். அடுத்த நாள் புழுவின் முதுகு கறுத்தது. அதற்கடுத்த நாள் சுருங்கி, அசையாமல் கிடந்தது. கொன்றுவிட்டேன் என்று அழுதேன். அடக்கம் செய்யலாம் என்று தோன்றியதும் அழுகை போன இடம் தெரியவில்லை. தீப்பெட்டிக்குள் புழு அடங்காததால், பூந்தொட்டியில் சருகு பரப்பிப் படுக்க வைத்து மணல் தூவினேன். ஈர்க்குச்சியில் சிலுவை. தெருப் பிள்ளைகள் ஊர்வலம் வந்தார்கள். நான்தான் ஃபாதர். அவ்வளவு நல்ல சாவை எங்கள் தெரு அதற்குமுன் கண்டதில்லை.

பிறகு தினமும் காலையில் தொட்டிமுன் முழங்காலிட்டேன். செத்து நாலு நாள் ஆனவரையே ஆண்டவர் எழுப்பியதாக ஞானோபதேச வகுப்பில் சொல்லியிருந்தார்கள். புழு சின்னதுதானே, சித்தி வருவதற்குள் எழுப்பிவிடு என்று கெஞ்சினேன்.

சித்தி வரும் நாளும் வந்தது. காலையில் ஓடிப்போய்ப் பார்த்தால், சிலுவையின் மேல் என் உள்ளங்கை அகலத்துக்கு ஒரு பூச்சி! பட்டாளத்துச் சட்டை மாதிரி பச்சை, நடுவில் ரோஸ் கோடுகள். இறக்கை லேசாக நடுங்கிக்கொண்டிருந்தது. கல்லறை என்றுகூடப் பார்க்காமல் ஏறி உட்கார்ந்திருக்கிறதே என்று எனக்கு ஆத்திரம் பொங்கியது. துடைப்பத்தை எடுத்து வீசினேன். விர்ரென்று மதிலைத் தாண்டிப் போயே போய்விட்டது. மறுபடி முழங்காலிட்டு, இன்றைக்குத்தான் கடைசி நாள் சாமி என்று ஞாபகப்படுத்தினேன்.

பையைக்கூட இறக்காமல் சித்தி பாட்டிலைக் கேட்டாள். விம்மிக்கொண்டே தொட்டியைக் காட்டினேன். அவள் திட்டவில்லை. மணலை விரலால் விலக்கினாள். பழுப்பு நிறத்தில் ஒரு கூடு, பக்கவாட்டில் வெடித்து, உள்ளே ஒன்றுமில்லாமல் கிடந்தது.

“இதுல இருந்து எதும் வந்துச்சா? நீ பாத்தியா?”

கண்ணைத் துடைத்துக்கொண்டு, பாராட்டுவாள் என்ற நம்பிக்கையோடு சொன்னேன்:

“புழு எந்திரிக்கவே இல்ல சித்தி. ஒரு பூச்சிதான் வந்து சிலுவையில உக்காந்துச்சு. நாந்தான் அடிச்சு வெரட்டிட்டேன்.”