பாதியில் நின்ற மொட்டை

சேந்தமங்கலத்துக்கு வெளியே எங்கள் குலதெய்வக் கோயில் வாசலில் நிற்கிறேன். போன வருடம் இறந்த என் அப்பா எங்களை ஒருமுறைகூட இங்கே அழைத்து வந்ததில்லை. "அந்தச் சாமிக்கும் எனக்கும் ஆகாது" என்பார். அது ஏன் என்று தெரிந்துகொள்ளத்தான் வந்திருக்கிறேன்.

வேப்பங்கிளையில் டிரான்சிஸ்டர் பாடுகிறது. அதன் அடியில் கத்தி தீட்டும் முதிய நாவிதரிடம் அப்பாவின் பெயரைச் சொல்கிறேன். தீட்டுவது நிற்கிறது.

"அவரு பையனுங்களா? ஏழு வயசுல மொத முடி எறக்கக் கூட்டியாந்தாங்க. எங்கய்யன்தான் செரைச்சாரு. முன்பாதி முடிஞ்சுது, லேசா ஒரு கீறல் பட்டுது, எந்திரிச்சு ஓடுனவருதானுங்க! நாங்க பசங்க ஏரி வரைக்கும் தொரத்துனோம்."

"புடிச்சீங்களா?"

"எங்கீங்க! மாமன் ஊட்டுல போயி ஒளிஞ்சுட்டாரு. ஒரு மாசம் துண்டக் கட்டிக்கிட்டே திரிஞ்சாருங்க."

அப்பா கண்டிப்பான தலைமையாசிரியர். பள்ளிக்கூடமே அவரைக் கண்டு நடுங்கும். எனக்குச் சிரிப்பு அடங்கவில்லை.

"அந்த நேர்த்திக்கடன மகன் முடிச்சா சாமி ஒத்துக்குமா?"

அவர் என்னைச் சுற்றி வந்து பார்க்கிறார். நெற்றியிலிருந்து உச்சிவரை எனக்கு எப்போதோ முடி கொட்டிவிட்டது.

"கச்சிதமா இருக்குதுங்க. உங்கய்யன் உட்டுட்டு ஓடுன பாதிதான் உங்க தலையில மிச்சம். உக்காருங்க சாமி."